அழுகாத ஆவுடையப்பன்

சுவாமி நித்யசுவாசானந்தரின் உடம்பு அமெரிக்காவிலிருந்து விமானத்தில் வந்து, வெள்ளை ஆம்புலன்ஸுக்கு மாறி, நாதசுரமும் தவிலும் முன்னே போக தென்கரைமங்கலத்துக்குள் நுழைந்த காலையில், ஊரில் முதலில் கெட்டது காப்பிக்கடை நமச்சிவாயத்தின் பால். அப்போதுதான் கறந்து வந்த பால் அடுப்பில் ஏறுவதற்குள் திரிந்து, பச்சை நரம்பு ஓடி, குப்பென்று வீசியது. நமச்சிவாயம் பால்காரனைத் திட்டினார், பால்காரன் மாட்டைத் திட்டினான், அதற்குள் ஆம்புலன்ஸ் மேலரத வீதி திரும்பிவிட்டது. கண்ணாடிப் பேழைக்குள், இறந்து இரண்டு மாதமான மனிதர், மத்தியானத் தூக்கத்தில் இருப்பவர் போல, கன்னத்தில் இளஞ்சிவப்போடு, உதட்டில் ஈரத்தோடு சாய்ந்திருந்தார். பேழையைத் திறந்தால் சந்தனம் மணக்கும் என்று சொல்லியிருந்தார்கள். திறந்தார்கள். மணந்தது. சனம் கன்னத்தில் போட்டுக்கொண்டது. அந்த நேரத்தில் பூக்கடைத் தெருவில் தொடுத்துக்கொண்டிருந்த மல்லிகை கைக்குள்ளேயே பழுப்பாகி, நூலில் பிசின்போல் ஒட்டியது.

கூட்டத்தின் கடைசியில், நெற்றியில் விபூதியும் உடம்பில் வெள்ளைச் சேலையுமாக நின்றிருந்த காந்திமதி, எட்டிப்பார்த்துவிட்டு, "மூக்கு மட்டும் அப்படியே இருக்கு," என்றாள். அந்த மூக்கை அவள் இருபது வயதில் ரொம்பக் கிட்டத்தில் பார்த்திருந்தாள். அவள் அவருடைய பெண்டாட்டி.

இது ஊருக்குத் தெரியும். யோக சங்கத்துக்குத் தெரியாது. சங்கம் அச்சிட்ட வழவழப்பான புத்தகத்தில் சுவாமி பாலப் பிரம்மச்சாரி, இமயமலையில் பனிக்குகை, நெற்றியில் ஒளி என்றெல்லாம் இருந்தது. தென்கரைமங்கலம் உயர்நிலைப் பள்ளியில் ஆவுடையப்ப பிள்ளை என்ற பெயரில் டிரில் மாஸ்டராக இருந்ததும், பையன்களை வெயிலில் நிறுத்தி மூச்சடக்கச் சொல்லி இரண்டு பேர் மயங்கி விழுந்ததும், அணைக்கட்டு வேலைக்கு வந்திருந்த வெள்ளைக்கார இஞ்சினியரின் மனைவிக்கு முதுகுவலி என்று கேள்விப்பட்டு வைத்தியம் பார்க்கப் போனவர் அந்த முதுகோடேயே கப்பலேறிப் போனதும் அதில் இல்லை. போகும்போது, "வெத்தலை வாங்கிட்டு வாரேன்," என்று சொல்லிவிட்டுத்தான் போனார். காந்திமதி பாக்கை வெட்டி வைத்திருந்தாள். உலகம்மாள் அப்போது தவழ்ந்துகொண்டிருந்தாள்.

பன்னிரண்டு வருஷம் ஓலை இல்லை, ஒரு கார்டு இல்லை. அத்தனை வருஷம் ஆளைக் காணவில்லையென்றால் செத்ததாக வைத்துக் கருமம் செய்துவிட வேண்டும் என்பது வழக்கம். வீட்டைப் பாகம் பிரிக்க வேண்டியிருந்ததால் அந்த வழக்கத்தை முதலில் நினைவுபடுத்தியவள் ஆவுடையப்பனின் தங்கை பிரமு. ஆற்றங்கரையில் தர்ப்பையால் ஆள் செய்து, தலைக்குத் தேங்காய் வைத்து, வேட்டி சுற்றி, அதை எரித்தார்கள். தேங்காய் வெடித்தது. காந்திமதியின் வளையல்களைக் கல்லில் தட்டி உடைத்தார்கள்.

அப்போது கருமம் செய்துவைத்த ஐயர், சாம்பலுக்குப் பால் தெளித்துக்கொண்டே, "ஒருவேளை மனுஷன் திரும்பி வந்துட்டார்னா சும்மா வீட்டுக்குள்ள விட்டுடாதீங்கோ. கொப்பரை நிறைய நெய் ஊத்தி அதுல முக்கி எடுக்கணும். புதுசாப் பொறந்த கொழந்தைக்குப் பண்றதெல்லாம் பண்ணி, தொட்டில்ல போட்டு, பேர் வச்சு, கட்டின பெண்டாட்டிக்கே மறுபடியும் தாலி கட்டச் சொல்லணும். அப்பத்தான் அவர் உசிரோட இருக்கறவர். அதுவரைக்கும் எரிஞ்சவர் எரிஞ்சவர்தான்," என்றார்.

மீசை வைத்த டிரில் மாஸ்டர் தொட்டிலில் கிடப்பதை நினைத்துப் பெண்கள் சேலைத்தலைப்பை வாயில் வைத்துக்கொண்டு சிரித்தார்கள். மூளிக் கைகளோடு உட்கார்ந்திருந்த காந்திமதியும் சிரித்தாள்.

அடுத்த வருஷமே நூலகத்துக்கு ஒரு அமெரிக்கப் பத்திரிகை வந்தது. நடுப்பக்கத்தில் ஆவுடையப்பன் தாடி வைத்து, காவி உடுத்து, நீச்சல்குளத்துக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார். அவரைச் சுற்றி சினிமா நடிகைகள் தலைகீழாக நின்றிருந்தார்கள். ஊர்ப் பெரியவர்கள் அந்தப் பக்கத்தைப் பார்த்தார்கள். பிறகு ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். பிறகு பத்திரிகையை மடித்து வைத்துவிட்டார்கள். பாகம் பிரித்தாகிவிட்டது. அழித்த குங்குமத்தைத் திருப்பி வைக்கச் சொல்வதற்கு ஒருத்தருக்கும் வாய் வரவில்லை. ஆவுடையப்பன் ஐந்து கண்டங்களில் மூச்சுவிடக் கற்றுக்கொடுத்தார் என்று பிற்பாடு கேள்விப்பட்டபோது, அதற்குமுன் அந்த ஜனங்கள் எப்படி மூச்சுவிட்டார்கள் என்று காந்திமதிக்குப் புரியவில்லை.

இப்போது அவர் வந்துவிட்டார். சங்கம் ஆற்றங்கரையில் வெள்ளைப் பளிங்கில் மண்டபம் கட்டியது. சங்கத்தின் தலைவி சாந்திமயி என்ற அமெரிக்கப் பெண்மணி, புத்தகத்திலிருந்து தமிழ் படித்தவள், "சுவாமிகள் தம் சொந்த மண்ணை நாடினார்கள்," என்று பத்திரிகைக்காரர்களிடம் சொன்னாள். அமெரிக்காவில் அவரை வைத்திருந்த இடத்தைச் சுற்றி ஆரஞ்சுத் தோட்டங்கள் மரத்திலேயே அழுகி, தோட்டக்காரர்கள் கோர்ட்டுக்குப் போனார்கள் என்பதை அவள் சொல்லவில்லை.

ஊர் முதல் வாரம் திகைத்தது, இரண்டாம் வாரம் பழகியது, மூன்றாம் வாரம் பெருமைப்பட ஆரம்பித்தது. காலையில் வடித்த சோறு தாளிப்பதற்குள் நூல்விட்டது. ஆகவே உலையைச் சுற்றி உட்கார்ந்து கொதிக்கக் கொதிக்கத் தின்று நாக்கைச் சுட்டுக்கொள்ளப் பழகினார்கள். நமச்சிவாயம் பாலை விட்டுவிட்டுக் கட்டஞ்சாயா போட்டார். கசாப்புக்கடையில், வாங்குகிறவன் சட்டியோடு வந்து நின்ற பிறகுதான் ஆட்டை அறுத்தார்கள். செத்தவர்களை, மகன் பம்பாயிலிருந்து வரட்டும் என்று காத்திருக்காமல், ஒப்பாரி முடிவதற்குள் தூக்கினார்கள். கல்யாணச் சமையலை ஆற்றுக்கு அந்தப்பக்கத்து ஊரில் செய்து, மூடிய பாத்திரங்களோடு ஓடிவந்து, ஓட்டத்திலேயே பரிமாறினார்கள். வாயில் பல் சொத்தையானது. காதில் சீழ் வந்தது. ஊர் முழுக்க, வாய்க்காலில், அலமாரியில், பீரோவுக்குள் மடித்துவைத்த பட்டுப்புடவையில், அடைத்த சாக்கடையும் செத்த எலியும் கலந்த வாடை படிந்து நின்றது.

ஆனால் லாட்ஜுகள் நிறைந்தன. வெள்ளைக்காரர்கள் பஸ் பஸ்ஸாக வந்து, வாசனைத் துணியை முகத்தில் கட்டிக்கொண்டு, முதுகை நிமிர்த்தி உட்கார்ந்து மூச்சுவிட்டார்கள். இந்த நாற்றம் மனிதனின் பற்றுதான் என்று சாந்திமயி அவர்களுக்கு விளக்கினாள். ஊர்க்காரர்கள் மாடியில் அறை கட்டி வாடகைக்கு விட்டார்கள். புதிதாக ஒரு மரியாதையும் பிறந்தது. ஒருவர் வீட்டுக்கு ஒருவர் போனால், வாசலில் நின்று மூச்சை இழுத்து, "ஆகா, சந்தனம் மணக்கு," என்று சொல்ல வேண்டும். வீட்டுக்காரர், "எல்லாம் சாமி அருள்," என்று சொல்லி உள்ளே கூப்பிடுவார். கண்ணில் நீர் வழிய வழிய அப்படிச் சொன்னார்கள். பிள்ளைகளுக்கும் அதைச் சொல்லிக்கொடுத்தார்கள். கொஞ்ச காலத்தில் சில பிள்ளைகளுக்குச் சந்தனம் என்றாலே அந்த வாடைதான் என்றாகிவிட்டது.

நாறுகிறது என்று சொல்லிக்கொண்டிருந்தவள் காந்திமதி ஒருத்திதான்.

"மெதுவாச் சொல்லும்மா. வாடகைக்கு இருக்கவங்க காதுல விழப்போவுது," என்பாள் உலகம்மாள்.

உலகம்மாள் தெருவுக்கு இட்லி மாவு அரைத்து விற்கிறவள். அவள் புருஷன் போன பிறகு அந்தக் கிரைண்டர்தான் இருவருக்கும் சோறு போட்டது. இப்போது மாவு ஆட்டும்போதே பொங்கிப் புளித்து, வழித்தெடுப்பதற்குள் கறுப்பானது. ஒருநாள் அவசரத்தில் வாழைக்காய் நறுக்கும்போது அரிவாள்மணை அவளுடைய வலது கட்டைவிரலைக் கொஞ்சம் கிழித்தது. மஞ்சள் வைத்துக் கட்டினாள். காலையில் கட்டை அவிழ்த்தால் விரலில் நகம் இல்லை. பெரியாஸ்பத்திரியில் நுனியை வெட்டி அனுப்பினார்கள். ஊர் எல்லையைத் தாண்டிப்போய்ப் படுத்தாலும் அந்தப் புண் இந்த ஊரைச் சேர்ந்ததாகவே இருந்தது. அது மேலே ஏறியது. அடுத்த வாரம் மணிக்கட்டோடு எடுத்துவிட வேண்டும், இல்லையென்றால் முழங்கை என்றார் டாக்டர்.

காந்திமதி தினமும் அந்தக் கட்டை அவிழ்த்துக் கழுவினாள். கையிலிருந்து வந்த வாடை அவளுக்குப் பழக்கமில்லாததாக இல்லை. மண்டபத்தில் கண்ணாடிக்குள் இருக்கிறவருக்கு வரவேண்டிய வாடை அது. வரவேண்டிய இடத்துக்கு வந்து, வாசலில் நின்று பார்த்து, 'இந்த ஆளை ஏற்கெனவே எரிச்சாச்சே' என்று திரும்பி, போக இடமில்லாமல் ஊருக்குள் வீடுவீடாகத் தங்கிவிட்ட அழுகல். அதுபோய் என் மகள் கைக்குள் குடியேறியிருக்கிறது என்று நினைத்தபோது அவளுக்கு அழுகை வரவில்லை, குமட்டியது.

அவள் மண்டபத்துக்குப் போனாள். பேழைக்குப் பக்கத்தில், முன்னாள் சகோதரி என்ற முறையில் வெல்வெட் நாற்காலி போட்டு, கையில் சந்தனக் கிண்ணத்தோடு பிரமு உட்கார்ந்திருந்தாள். வாயில் முன்பற்கள் கறுத்துப் போயிருந்தன.

"அம்மையீர், வரிசையில் நில்லுங்கள்," என்றாள் சாந்திமயி.

"வரிசைக்கு வரல தாயி. இவரைக் குழிவெட்டிப் பொதைக்கச் சொல்ல வந்தேன்."

"சுவாமிகளைப் பற்றி இவ்விதம் பேசலாகாது. தாங்கள் யார்?"

"செத்துப்போன டிரில் மாஸ்டர் பொண்டாட்டி."

"சுவாமிகள் பிரம்மச்சாரி. அவர்களுக்கு மனைவி இல்லை."

"அதுவும் சரிதான். ரெண்டு வருஷம் குடும்பம் நடத்தின லட்சணத்துல எனக்கே சந்தேகம் உண்டு."

பிரமு எழுந்து வந்து அவள் தோளைப் பிடித்துத் தூணுக்குப் பின்னால் இழுத்துப்போனாள். "கிறுக்குப் புடிச்சிருக்கா மயினி ஒங்களுக்கு? ஊரே இப்பத்தான் நல்ல சோறு திங்குது."

"எங்கட்டி நல்ல சோறு? நூலு நூலா இழுக்குது."

"ஒங்க ஒருத்திக்குத்தான் நாறுது."

"ஒன் பல்லைக் காட்டு பாப்போம்."

பிரமு வாயை மூடிக்கொண்டாள்.

"உலகு கையை எடுக்கப் போறாவ பிரமு. நீ தூக்கி வளத்த பிள்ளை."

பிரமு கிண்ணத்துச் சந்தனத்தை விரலால் கலக்கினாள். "சாமிகிட்ட வேண்டிக்கிடுதேன்," என்றாள்.

சாயங்காலம் லாட்ஜுக்காரர்களும் கடைக்காரர்களும் சேர்ந்து காந்திமதி வீட்டு வாசலுக்கு வந்தார்கள். மூச்சை இழுத்து, சந்தனம் மணக்கு என்றார்கள். அவள் உள்ளே கூப்பிடவில்லை. ஊருக்கு வந்த வாழ்வைக் கெடுக்க வேண்டாம், கை போனால் ஊரே சேர்ந்து உலகம்மாளுக்கு ஒரு வழி செய்யும் என்றார்கள். நமச்சிவாயம் மட்டும் பின்னால் தங்கி, தரையைப் பார்த்துக்கொண்டு, "ஒரு நல்ல காப்பி குடிச்சு எத்தனை நாளாச்சு அத்தை," என்றார். பிறகு அவரும் போய்விட்டார்.

அவர்கள் போன சற்று நேரத்தில், ஒலிபெருக்கி கட்டிய ஆட்டோ தெருவுக்குள் வந்தது. வருகிற வெள்ளிக்கிழமை சுவாமிகளின் ஜெயந்தி விழா. காலையில் கொப்பரையில் நெய் நிரப்பித் திருமேனிக்கு நெய்முழுக்கு. அதன்பின் வெள்ளித் தொட்டிலில் சுவாமிகளைக் கிடத்தி வெளிநாட்டு அன்பர்களின் தாலாட்டு. செவியில் மும்முறை திருநாமம் ஓதுதல். பின்னர் ஊர்ப் பெண்கள் திருக்கரம் தொட்டு வணங்கலாம். பக்தகோடிகள் அனைவரும் வருக.

காந்திமதி உலகம்மாளின் கையைத் துடைத்துக்கொண்டிருந்தவள் அப்படியே நிறுத்தினாள். நெய். தொட்டில். பேர். ஒன்றும் அறியாத அந்தச் சனம், டிரில் மாஸ்டரை ஒவ்வொரு படியாகத் தூக்கிக்கொண்டு வந்து உயிரோடு இருக்கிறவர்களின் வாசலில் விடப்போகிறது. மிச்சம் இருப்பது தாலி ஒன்றே ஒன்று.

"சீ," என்றாள்.

"என்னம்மா?" என்றாள் உலகம்மாள்.

"ஒண்ணுமில்ல. ஒங்கப்பனை நெனச்சேன்."

வெள்ளிக்கிழமை வரை அவள் அந்த எண்ணத்தை எச்சிலைப்போல வாயிலேயே வைத்திருந்தாள். துப்பவும் முடியவில்லை, விழுங்கவும் முடியவில்லை. அந்த மனுஷனுக்குக் கழுத்தை நீட்டுவதா? வெற்றிலைக்குப் போனவனுக்கு? முதல் தடவையாவது அவளைக் கேட்காமல் கட்டிக்கொடுத்தார்கள். இந்தத் தடவை அவளே எழுந்து, குளித்து, நடந்து போக வேண்டும். வியாழக்கிழமை ராத்திரிச் சோற்றை உலகம்மாள் இடது கையால் பிசைய முடியாமல் பிசைவதைப் பார்த்துக்கொண்டிருந்தாள். காலையில் ஒரு நூலை மஞ்சளில் நனைத்து, கிழங்கு மஞ்சள் ஒன்றைக் கட்டி, மடியில் செருகிக்கொண்டு கிளம்பினாள்.

மண்டபத்தில் எல்லாம் ஒழுங்காக நடந்தது. எட்டுப்பேர் சுவாமியைத் தூக்கிக் கொப்பரையில் இறக்கினார்கள். நெய் வழிய எழுந்தவரைத் தொட்டிலில் கிடத்தினார்கள். ஆறடி வெள்ளைக்காரர்கள் கண்ணை மூடி ஆராரோ பாடினார்கள். சாந்திமயி அவர் காதுக்குள் மூன்று முறை நித்யசுவாசா என்றாள். பிறந்த பிள்ளைக்கு என்ன பேர் வைத்தால் என்ன, என்று வரிசையில் நின்ற காந்திமதி நினைத்துக்கொண்டாள்.

பெண்கள் ஒவ்வொருவராகப் போய் அந்தக் கையைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்கள். அவள் முறை வந்தது. கை வெதுவெதுப்பாக இருந்தது. எலும்பே இல்லாததுபோல, உருகும் வெண்ணெய்போல மெத்தென்று இருந்தது. நெய்யும் சந்தனமும் அவள் விரல் இடுக்குகளில் ஏறின. அவள் மடியிலிருந்து மஞ்சள் கயிற்றை எடுத்துக் கழுத்தைச் சுற்றிப் போட்டு, தொட்டிலுக்குள் குனிந்து, இரண்டு நுனியையும் அந்த விரல்களுக்குள் வைத்து, தன் வலது கையை அவற்றின்மேல் பொத்தி, வழுக்க வழுக்க ஒரு முடிச்சுப் போட்டாள்.

மேடைக்குக் கீழே இருந்த தவில்காரர் வாழ்நாள் முழுக்கக் கல்யாணத்துக்கு வாசித்தவர். கழுத்துப் பக்கம் மஞ்சள் கயிறு தெரிந்ததும் அவர் யோசிக்கவில்லை. அவர் கை யோசிக்காமல் கெட்டிமேளம் கொட்டியது. நாதசுரம் தாவிப் பிடித்துக்கொண்டது. கூட்டத்தில் பாதிப்பேர், அந்தச் சத்தம் கேட்டால் என்ன செய்வார்களோ அதைச் செய்தார்கள்: கையிலிருந்த பூவைத் தூக்கி எறிந்தார்கள்.

"நிறுத்துங்கள்! இஃது என்ன?" என்று சாந்திமயி ஓடிவந்தாள்.

காந்திமதி குனிந்தபடியே, "பிரமு," என்றாள். "நாத்தனார் முடிச்சு ரெண்டு பாக்கி இருக்குட்டி."

பிரமு கையில் கிண்ணத்தோடு நின்றாள். கறுத்த பல்லை நாக்கால் ஒருமுறை தடவினாள். பிறகு கிண்ணத்தைக் கீழே வைத்துவிட்டு, "இன்னுங் கொஞ்சம் குனிங்க மயினி, எட்டல," என்று சொல்லி, நடுவில் வந்த சாந்திமயியை இடுப்பால் தள்ளிவிட்டு, இரண்டாவது முடிச்சையும் மூன்றாவது முடிச்சையும் போட்டாள். நன்றாக இறுக்கிப் போட்டாள்.

அப்போதுதான் ஆவுடையப்பன் செத்தார்.

ஊருக்குள் திண்டாடிக்கொண்டிருந்த அழுகல் முழுவதும், சாயங்காலம் மாடு தொழுவத்துக்குத் திரும்புவதுபோல, வாய்க்காலை விட்டு, பாலை விட்டு, பீரோவை விட்டு, பல்லையும் காதையும் புண்ணையும் விட்டு, எழுந்து மண்டபத்துக்கு வந்தது. அது வருவதை எல்லாரும் தங்கள் உடம்பு வழியாகவே உணர்ந்தார்கள். சிவந்த கன்னம் பச்சையானது, பச்சை கறுத்தது, வயிறு உப்பி எழுந்து அடங்கியது, ஈரமான உதடு பின்வாங்கிப் பல்லைக் காட்டியது, வெள்ளித் தொட்டிலின் இடுக்குகள் வழியாக மூச்சுக்கலையின் ஆசான் சொட்டினார். ஒளி வந்ததாகப் புத்தகத்தில் போட்டிருந்த நெற்றியில் ஈ உட்கார்ந்தது. தாலாட்டுப் பாடியவர்கள் தூணுக்குத் தூண் வாந்தி எடுத்தார்கள். சாந்திமயி சந்தனக் கிண்ணத்தில் எடுத்தாள். ஊர்க்காரர் ஒருவருக்கும் சந்தனம் மணக்கு என்று சொல்ல வாய் வரவில்லை.

காந்திமதி நகரவில்லை. எல்லாம் முடிந்து எலும்பு தெரிகிறவரை நின்று பார்த்தாள். பிறகு கயிற்றைத் தலைவழியாகக் கழற்றித் தொட்டிலுக்குள் போட்டாள்.

"வளையல் ஒடைக்கணுமே மயினி," என்றாள் பிரமு, மூக்கைப் பொத்திக்கொண்டு.

"போட்டிருந்தாத்தானட்டி ஒடைக்க."

மறுநாள் சங்கத்தார் மிச்சத்தை உப்புப் போட்டுப் புதைத்துவிட்டு, பளிங்கை மட்டும் விட்டுவிட்டுப் போனார்கள். லாட்ஜுகள் காலியாயின. ஊர் காந்திமதியைக் கொஞ்ச நாள் திட்டியது. பால் திரியாமல் பொங்குவதைப் பார்த்துக்கொண்டே திட்டியது. பிறகு, அமெரிக்காவிலிருந்து சங்கத்துப் புத்தகத்தின் புதுப்பதிப்பு வந்தது. வாசனையையும் துறப்பதே உயர்ந்த யோகம் என்று சுவாமி தாமாகவே அந்த வெள்ளிக்கிழமையைத் தேர்ந்தெடுத்தாராம். அதில் தாலி இல்லை, தவில் இல்லை. ஊர் அதை வாங்கிப் படித்துவிட்டு, அப்படித்தான் நடந்தது என்று ஒத்துக்கொண்டது.

உலகம்மாளின் புண் காய்ந்தது. பாதிக் கட்டைவிரல் மிஞ்சியது. கிரைண்டரில் ஆட்டிய மாவு ராத்திரி முழுக்க நிதானமாகப் புளித்து, காலையில் மூடியைத் தூக்கிக்கொண்டு நின்றது.

காந்திமதியின் வலது கையில் மட்டும் சந்தனம் போகவில்லை. புளி போட்டுத் தேய்த்தாள். சாம்பல், சீயக்காய், தேங்காய் நார், மண்ணெண்ணெய் எல்லாம் போட்டுத் தோல் உரியத் தேய்த்தாள். போகவில்லை; தேய்க்கத் தேய்க்க மணந்தது. விஷயம் தெரிந்து, அந்தக் கையை ஒருமுறை தலையில் வைக்கச் சொல்லிப் பெண்கள் வந்தார்கள். அவள் விளக்குமாற்றை எடுத்துக் காட்டினாள்.

ஒருநாள் மத்தியானம் உலகம்மாள் இலையைப் போட்டுச் சுடுசோறு வைத்தாள். காந்திமதி வலது கையை முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டு, இடது கையை நீட்டிச் சோற்றைப் பிசைந்தாள்.

"என்னம்மா இது அசிங்கம், பீச்சாங்கையில திங்கிய?"

"அந்தக் கை நாறுதுட்டி."

உலகம்மாள் அந்தக் கையைப் பிடித்து இழுத்து முகத்துக்குக் கிட்டே கொண்டுபோனாள். சந்தனம் மணந்தது, உயர்ந்த ஜாதிச் சந்தனம், கோயில் கருவறையில் மணப்பதுபோல. அவள் கொஞ்ச நேரம் அதை முகர்ந்துகொண்டிருந்தாள். பிறகு கையை அம்மாவின் மடியில் திருப்பி வைத்தாள்.

"ஆமாம்மா. நாறத்தான் செய்யுது," என்றாள். குழம்புச் சட்டியைத் தூக்கி இடதுபக்கம் தள்ளி வைத்தாள்.